72,900 கொப்பிகள் எங்கிருந்து வந்தன?

மல்லாவியிலிருந்து ஒரு தாயார் கேட்டிருக்கிறார். மகள் தரம் 5 படிக்கிறாள். பெருக்கல் வாய்ப்பாடு தலைகீழ்ப் பாடம், வகுத்தலிலும் பிழை விடமாட்டாள். ஆனால் அதே எண்களை ஒரு வசனத்துக்குள் வைத்து “இத்தனை பொருளின் விலை இவ்வளவு, அத்தனை பொருளின் விலை என்ன?” என்று கேட்டால் தடுமாறுகிறாள். ரியூசன் வகுப்பில் “முதலில் வகு, பிறகு பெருக்கு” என்று மனப்பாடம் செய்ய வைத்திருக்கிறார்கள். அதன் பிறகு சில கணக்குகள் சரியாகின்றன, சில முன்பைவிட மோசமாகின்றன. புலமைப்பரிசில் பரீட்சைக்கு முன் இதைத் திருத்த வழி உண்டா என்பது கேள்வி. பயிற்சிக் கொப்பியின் ஒரு பக்கத்தையும் படம் எடுத்து அனுப்பியிருக்கிறார்.

வழி உண்டு. அந்தப் பக்கம் வராமல் இருந்திருந்தால் நானும் “இன்னும் பயிற்சி கொடுங்கள்” என்று பொதுவாக எழுதியிருப்பேன். பக்கத்தைப் பார்த்த பிறகு அப்படி எழுத மனம் வரவில்லை.

முதல் கணக்கு: 6 கொப்பிகளின் விலை 540 ரூபாய், 4 கொப்பிகளின் விலை என்ன? மகள் 540ஐ 6ஆல் வகுத்து 90 என்றும், 90ஐ 4ஆல் பெருக்கி 360 என்றும் எழுதியிருக்கிறாள். சரி. அதற்குக் கீழே இரண்டாவது கணக்கு: 540 ரூபாய்க்கு 6 கொப்பிகள் வாங்கலாம், 810 ரூபாய்க்கு எத்தனை கொப்பிகள் வாங்கலாம்? மறுபடியும் 540ஐ 6ஆல் வகுத்து 90. பிறகு 90ஐ 810ஆல் பெருக்கி 72,900. விடை: 72,900 கொப்பிகள். பெருக்கலில் ஒரு இலக்கம்கூடப் பிழையில்லை. 810 ரூபாயோடு கடைக்குப் போன பிள்ளை லொறி நிறையக் கொப்பியோடு திரும்புகிறாள்.

அவள் கவனக்குறைவான பிள்ளை இல்லை. சொல்லிக் கொடுத்த விதியைச் சொல்லிக் கொடுத்தபடியே செய்திருக்கிறாள். விதிதான் பாதிக் கணக்குகளுக்கு மட்டும் பொருந்தும் விதி. இரண்டாவது கணக்கில் இரண்டு முறை வகுக்க வேண்டும்: ஒரு கொப்பி 90 ரூபாய், 810க்குள் எத்தனை 90 இருக்கிறது என்று பார்த்தால் 9 கொப்பிகள். “வகு, பெருக்கு” என்று பாட்டுப் போலப் பாடிக்கொண்டு வருகிற பிள்ளைக்கு இந்த இடத்தில் நின்று யோசிக்க ஒரு காரணமும் இல்லை. ஆசிரியரைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. ஐம்பது பிள்ளைகள் இருக்கும் வகுப்பில் சூத்திரம் சொல்லிவிட்டு அடுத்த பாடத்துக்குப் போக வேண்டிய நெருக்கடி எனக்கும் தெரியும். நானும் முதல் சில ஆண்டுகள் இதே பாட்டைத்தான் பாடினேன்.

அவளுக்கு வகுக்கத் தெரியாது என்பதும் சிக்கல் இல்லை. வகுத்தல் என்ற ஒரே செய்கைக்கு இரண்டு முகங்கள் இருக்கின்றன, அவள் ஒன்றைத்தான் பார்த்திருக்கிறாள். நம் பேச்சில் வகுத்தலைப் “பிரித்தல்” என்கிறோம். “540ஐ ஆறால் பிரி” என்று சொன்னால் பிள்ளையின் மனதில் வருவது பங்கிடுதல்: ஆறு பேரை வரிசையில் இருத்தி ஆளுக்கு ஆள் கொடுப்பது. ஒரு கொப்பியின் விலையைக் காண்பது அந்த முகம். 540 ரூபாயை ஆறு கொப்பிகளுக்கும் சமமாகப் பங்கிடுகிறோம். 810க்குள் எத்தனை 90 என்பது வேறு முகம். அங்கே யாருக்கும் பங்கு இல்லை. கையில் இருப்பதிலிருந்து தொண்ணூறு தொண்ணூறாக எடுத்து வைக்கிறோம், எத்தனை தரம் எடுத்தோம் என்று எண்ணுகிறோம். தாளில் இரண்டுக்கும் ஒரே குறிதான். கையால் செய்து பார்த்தால் இரண்டும் வெவ்வேறு வேலை.

ஆகவே இன்றே செய்யக்கூடியது: ஒரு சிரங்கை புளியங்கொட்டை எடுங்கள். இருபது கொட்டையை மகளிடம் கொடுத்து, “இதை 5 கிண்ணத்துக்குச் சமமாகப் போடு” என்று சொல்லுங்கள். ஒவ்வொன்றாகச் சுற்றிச் சுற்றிப் போடுவாள், கிண்ணத்துக்கு 4. பிறகு அதே இருபதைக் கொடுத்து, “ஐந்து ஐந்தாகக் குவித்து வை” என்று சொல்லுங்கள். இப்போது அவள் கை வேறு மாதிரி அசையும். அள்ளி வைப்பாள், குவியல் 4. “இரண்டுமே இருபதை ஐந்தால் வகுத்ததுதான்” என்று அதன் பிறகு சொல்லுங்கள், முன்பே சொல்லிவிட வேண்டாம். பிறகு கொட்டையைத் தள்ளி வைத்துவிட்டு, “810 ரூபாய் இருக்கிறது, ஒரு கொப்பி 90” என்று கேளுங்கள். பெரும்பாலான பிள்ளைகள் இந்த இடத்தில் “ஓ” என்பார்கள். அந்த “ஓ” வராவிட்டால் அடுத்த நாளும் கொட்டைதான்.

இரண்டாவது, “ஒன்று” எது என்ற கேள்வி. இந்த வகைக் கணக்கு முழுவதும் நிற்பது அதில்தான்.

வன்னியில் இதை யாருக்கும் புதிதாகச் சொல்லிக் கொடுக்கத் தேவையில்லை. காலபோக அறுவடை முடிந்து இரண்டு பேர் சந்தித்தால் “மொத்தம் எத்தனை மூட்டை?” என்று கேட்டுக்கொள்வதில்லை. “ஏக்கருக்கு எத்தனை மூட்டை?” என்றுதான் கேட்பார்கள். விதைக்கும்போதும் அப்படித்தான்: ஏக்கருக்கு இரண்டு புசல் விதைநெல் என்று ஒரு கணக்கு எல்லோர் வாயிலும் இருக்கும். மொத்தத்தை வைத்து ஒப்பிட முடியாது என்று அவர்களுக்குத் தெரியும். ஒருவர் 5 ஏக்கரில் 120 மூட்டை எடுத்தார், இன்னொருவர் 3 ஏக்கரில் 81 மூட்டை எடுத்தார். யாருடைய வயல் நன்றாக விளைந்தது? 120 பெரிது என்று அவசரப்படுகிற பிள்ளையிடம் “ஏக்கருக்கு?” என்று ஒரே சொல்லைக் கேளுங்கள். 24 ஒரு பக்கம், 27 ஒரு பக்கம். சின்ன வயல்காரர் வென்றார்.

அந்த “கு” என்ற உருபைக் கவனித்தீர்களா? ஏக்கருக்கு, ஆளுக்கு, நாளுக்கு, கிலோவுக்கு. தமிழ் இந்தக் கணக்கு முழுவதையும் ஒரு நான்காம் வேற்றுமை உருபுக்குள் மடித்து வைத்திருக்கிறது. எனவே பென்சிலைத் தொடுவதற்கு முன் மகள் ஒரு வசனத்தை வாயால் சொல்ல வேண்டும்: “ஒரு ……க்கு எத்தனை ……?” ஒரு கொப்பிக்கு எத்தனை ரூபாய்? ஒரு ஏக்கருக்கு எத்தனை லீற்றர் டீசல்? இந்த வசனம் வாயில் வந்துவிட்டால் எதை எதால் வகுப்பது என்பது தானாக வரும்: “ஒரு” என்று எதைச் சொன்னோமோ அதன் எண்ணிக்கையால் வகுக்க வேண்டும்.

இதில் ஒரு பொறியும் உண்டு, உங்கள் மகளின் இரண்டாவது கணக்கு அந்தப் பொறிதான். “540 ரூபாய்க்கு 6 கொப்பி” என்ற வசனத்தில் “கு” ரூபாயோடு ஒட்டியிருக்கிறது. அதைப் பார்த்து “ஒரு ரூபாய்க்கு எத்தனை கொப்பி?” என்று தொடங்கினால் 6ஐ 540ஆல் வகுக்க நேரும். ஒரு கொப்பியின் தொண்ணூறில் ஒரு பங்கு! பிழையில்லை, ஆனால் கையில் பிடிக்க முடியாத விடை. எந்தச் சோடியிலும் இப்படி இரண்டு “ஒன்று” ஒளிந்திருக்கும். உழவு இயந்திரம் 20 லீற்றர் டீசலில் 4 ஏக்கர் உழுதது என்றால், ஏக்கருக்கு 5 லீற்றர் என்றும் சொல்லலாம், லீற்றருக்குக் கால் ஏக்கரும் இல்லை, ஐந்தில் ஒரு பங்கு என்றும் சொல்லலாம். பிள்ளைக்குச் சொல்ல வேண்டியது: இரண்டு வசனத்தையும் சொல்லிப் பார், முழு எண்ணாக வருவதை எடுத்துக்கொள். 7 ஏக்கருக்கு எவ்வளவு டீசல் என்று கேட்டால் ஐந்து லீற்றரை ஏழு தரம் ஊற்ற வேண்டும், 35. 45 லீற்றரில் எத்தனை ஏக்கர் உழலாம் என்று கேட்டால் ஐந்து ஐந்தாக ஊற்றிக்கொண்டே போய் எண்ண வேண்டும், 9. புளியங்கொட்டை மறுபடி வந்துவிட்டது.

எழுதும் முறையில் ஒன்றை மட்டும் பிடிவாதமாகக் கேளுங்கள். எண்ணைத் தனியாக எழுத விடாதீர்கள். “90” என்று மொட்டையாக எழுதியதால்தான் அது 810ஓடு சேர்ந்து 72,900 ஆனது. “ஒரு கொப்பிக்கு 90 ரூபாய்” என்று எழுதியிருந்தால், 90 ரூபாயை 810 ரூபாயால் பெருக்க அவள் கையே கூசியிருக்கும். கொப்பிக்குக் கீழே கொப்பி, ரூபாய்க்குக் கீழே ரூபாய் என்று இரண்டு நிரலாக எழுதப் பழக்கினால் பாதிப் பிழைகள் எழுதும்போதே கண்ணில் படும்.

இனி, ஒன்றுக்குப் போகாமலே செய்யக்கூடிய கணக்குகள். 3 விளாம்பழம் 100 ரூபாய், 12 விளாம்பழம் எவ்வளவு? “முதலில் வகு” என்ற பிள்ளை 100ஐ மூன்றால் வகுத்து 33, மீதி 1 என்று அகப்பட்டுக்கொள்வாள். சந்தையில் பழம் விற்கும் அம்மா அப்படிச் செய்வதில்லை. பன்னிரண்டு என்றால் நாலு மூன்று, நானூறு ரூபாய், முடிந்தது. இங்கே “ஒன்று” என்பது ஒரு பழம் இல்லை, மூன்று பழம் கொண்ட ஒரு கூறு. அதேபோல 6 கொப்பி 540 ரூபாய் என்றால் 9 கொப்பி எவ்வளவு என்பதற்கு, ஆறின் பாதி மூன்று, அதன் விலை 270, இரண்டையும் கூட்டு, 810. மகள் இப்படிச் செய்தால் “முறைப்படி செய்யவில்லை” என்று திட்டிவிடாதீர்கள். அவள் முறையைவிட ஒரு படி மேலே போய்விட்டாள்.

கூறும் சரியாக அமையாத இடங்களுக்குப் பழைய வழி ஒன்று இருக்கிறது. 3 பழம் 100 ரூபாய் என்றால் 14 பழம் எவ்வளவு? முதலில் பெருக்கு, பிறகு வகு: 1,400ஐ மூன்றால். கிடைப்பது 466, மீதி 2. மீதி கடைசியில் ஒரே ஒரு முறைதான் வருகிறது. முதலிலேயே வகுத்து 33 என்று வெட்டிவிட்டுப் பதினான்கால் பெருக்கினால் 462 வரும், நாலு ரூபாய்க்கு மேல் தொலைந்துவிடும். தெரிந்த மூன்றை வைத்துத் தெரியாத நான்காவதைக் காணும் இந்த விதியை ஆரியபட்டர் 499ஆம் ஆண்டிலேயே இதே வரிசையில் சொல்லியிருக்கிறார்: பலனை (100 ரூபாய்) வேண்டிய எண்ணிக்கையால் (14 பழம்) பெருக்கி, அளவால் (3 பழம்) வகு. ரியூசனில் சொல்லிக் கொடுத்ததற்கு நேர் தலைகீழ் வரிசை. இரண்டும் ஒரே விடைக்குத்தான் போகின்றன, வரிசையை அல்ல காரணத்தைப் பிடித்துக்கொண்டால்.

நிமிடம், மணி, கிராம், கிலோ கலந்து வரும் கணக்குகளுக்குத் தனி வித்தை எதுவும் இல்லை. ஏ9 வீதியில் ஒரு பஸ் 90 நிமிடத்தில் 60 கிலோமீற்றர் போனால் மணிக்கு எத்தனை? 30 நிமிடத்துக்கு 20, ஆகவே மணிக்கு 40. 100 கிராம் தேயிலை 240 ரூபாய், 400 கிராம் 880 ரூபாய் என்றால் எது இலாபம்? இங்கே ஒரு கிராமுக்கு இறங்காமல் 100 கிராமை “ஒன்று” ஆக்கினால் போதும்: 240க்கு எதிர் 220. (விலைகள் கணக்கு நேராக வருவதற்காக நான் வைத்தவை. இவற்றைச் சொல்லிக் கடைக்காரரோடு சண்டைக்குப் போக வேண்டாம்.)

இதுவரை சொன்னது எல்லாம் ஒரு நிபந்தனைக்குள் மட்டும் உண்மை: ஒன்று கூடினால் மற்றதும் அதே அளவில் கூட வேண்டும். அது உண்மையா என்று பார்க்கும் பழக்கத்தைப் பயிற்சித் தாள்கள் கொடுப்பதில்லை.

இரணைமடுக் குளத்தை எடுத்துக்கொள்ளுங்கள். முழுக் கொள்ளளவில் 36 அடி. மாரியில் ஒரு நாள் இரவு மழையில் நீர்மட்டம் ஒரு அடி ஏறியது என்றால், அதே மழை இன்னும் மூன்று இரவு பெய்தால் மூன்று அடி ஏறுமா? ஏறாது என்று குளத்தங்கட்டில் நின்று பார்த்த எந்தக் கமக்காரரும் சொல்வார். குளம் வாளியல்ல, தாச்சி. அடியில் ஒடுங்கி மேலே விரியும். கீழே ஒரு அடி ஏற்றுகிற தண்ணீர் மேலே அரை அடிகூட ஏற்றாது. இங்கே “அடிக்கு இவ்வளவு தண்ணீர்” என்று ஒரே ஒரு எண் கிடையாது. பஸ் கட்டணமும் அப்படித்தான். ஏறியவுடன் ஆகக் குறைந்த கட்டணம் என்று ஒன்று இருப்பதால், இரு மடங்கு தூரத்துக்கு இரு மடங்கு காசு என்று வராது. மூன்று சட்டை வெயிலில் காய இரண்டு மணி நேரம் என்றால் ஒன்பது சட்டை காயவும் இரண்டு மணி நேரம்தான், கொடியில் இடம் இருந்தால்.

எனக்குப் பிடித்தது வேலிக் கணக்கு. 4 கதியால் (வேலிக் கம்பு) நட்டால் வேலி 6 மீற்றர் வருகிறது; அதே இடைவெளியில் 8 கதியால் நட்டால்? பன்னிரண்டு என்று பெரியவர்களும் சொல்லிவிடுவார்கள். கதியால் நாலு, இடைவெளி மூன்றுதான். ஒரு இடைவெளி 2 மீற்றர். எட்டுக் கதியாலுக்கு ஏழு இடைவெளி, 14 மீற்றர். இங்கே “ஒன்று” என்பது ஒரு கதியால் அல்ல, ஒரு இடைவெளி. முற்றத்தில் குச்சி நட்டுக் காட்டினால் ஒரு நிமிடத்தில் விளங்கிவிடும்.

ஆட்களும் நாட்களும் வரும் கணக்குகள் இன்னொரு இனம். 6 பேர் ஒரு வயலை 4 நாளில் அருவி வெட்டி முடிப்பார்கள். 8 பேர் என்றால் எத்தனை நாள்? (இப்போதைய பிள்ளைகள் வெட்டும் மெசினைத்தான் பார்த்திருக்கிறார்கள். களை பிடுங்குவதாக மாற்றிக் கேளுங்கள்.) முதலில் கேட்க வேண்டியது “கூடுமா, குறையுமா?” ஆள் கூடினால் நாள் குறையும். அது தெரிந்த பிறகு “ஒரு ஆளுக்கு எத்தனை நாள்?” என்று அதே வசனத்தைச் சொன்னால், 6 பேரின் 4 நாள் வேலையை ஒருவரே செய்ய 24 நாள். இந்த முறை “ஒன்று” பெருக்கலால் வந்தது! எட்டுப் பேருக்குப் பங்கிட்டால் 3 நாள். “முதலில் வகு” என்ற பாட்டு இங்கே முற்றாகக் கைவிட்டுவிடும். மேல் வகுப்புகளில் நேர் விகிதசமன், நேர்மாறு விகிதசமன் என்ற பெயர்களோடு இவை திரும்பி வரும். தரம் 5இல் அந்தப் பெயர்கள் வேண்டாம். “கூடுமா, குறையுமா, மாறாதா?” என்ற கேள்வி போதும்.

2010இல் மீள்குடியேறிய ஒரு கிராமத்தில் தறப்பாள் கொட்டிலுக்குள் வகுப்பு எடுத்தபோது ஒரு பையன் இருந்தான். கரும்பலகையில் எழுதிய எந்த வசனக் கணக்கையும் செய்யமாட்டான். எழுதச் சொன்னால் அடிமட்டத்தைக் கடித்துக்கொண்டு இருப்பான். ஒருநாள் பக்கத்து வீட்டுக்கு நிவாரணம் வந்ததைப் பற்றிக் கதைத்துக்கொண்டிருந்தான். “அவையள் நாலு பேர், எட்டுக் கிலோ மா. எங்களுக்குப் பதினாலு வர வேணும் சேர், பன்னிரண்டுதான் தந்திருக்கினம். தங்கச்சி பிறந்ததைப் பதியேல்லை.” ஆளுக்கு இரண்டு, எங்கள் வீட்டில் ஏழு பேர், பன்னிரண்டு வந்திருக்கிறது, ஆகவே ஆறு பேருக்குத்தான் வந்திருக்கிறது, விடுபட்டது யார் என்பது வரை ஒரே மூச்சில் செய்துவிட்டான். வகுத்தல், பெருக்கல், மறுபடி வகுத்தல். நான் செய்ததெல்லாம் அவன் சொன்னதை அப்படியே பலகையில் எழுதி, “நீ இப்போது செய்தது இதுதான்” என்று காட்டியது. அன்று முதல் கொப்பிக்கும் பென்சிலுக்கும் பதிலாக ஆள், மா, அரிசி என்று போட்டு எழுதினேன். பெயர்கள் மாறியதும் கணக்கும் வந்தது.

ரியூசனை நிறுத்த வேண்டுமா என்றும் கடைசியில் கேட்டிருக்கிறீர்கள். வேண்டாம். பரீட்சைக்குக் கொஞ்ச நாளே இருக்கும்போது ஆளை மாற்றினால் பிள்ளைதான் குழம்புவாள். வீட்டில் நாளுக்குப் பத்து நிமிடம் போதும், முப்பது கணக்கும் வேண்டாம். ஒரே ஒரு செய்தியைச் சொல்லுங்கள்: “5 கிலோ அரிசி 1,100 ரூபாய்.” அதிலிருந்து அவளையே மூன்று கேள்விகள் உண்டாக்கச் சொல்லுங்கள்: பெருக்க வேண்டிய ஒன்று, எடுத்து எடுத்து எண்ண வேண்டிய ஒன்று, இந்தச் செய்தியை வைத்து விடை சொல்லவே முடியாத ஒன்று. மூன்றாவதுக்கு முதல் நாள் திணறுவாள். எனக்குத் தெரிந்த ஒரு பிள்ளை இரண்டு நாள் யோசித்துவிட்டு எழுதியது: “5 கிலோ அரிசி 1,100 ரூபாய் என்றால், அதைச் சமைக்க எவ்வளவு நேரம்?”